தப்பாக ராவத் தெரியாத அண்ணன்: போர்க்கால ஆவணப்படப் பெண்களைப் பற்றி சேலத்தில் ஒரு நிகழ்வு ஆய்வு

சூரமங்கலம் பக்கம் ஒரு லேத் பட்டறை. சனிக்கிழமை மதியம், மெஷின்களை நிறுத்தியாகிவிட்டது. வைஸில் ஒரு இரும்புத் துண்டை இறுக்கி வைத்திருக்கிறது. நாற்பது வருடமாக இதே தொழிலில் இருக்கும் பட்டறைக்கார அண்ணன், இரும்பைத் தேய்த்துச் சமமாக்க, அதாவது ராவ, கையில் அரத்தோடு நிற்கிறார். கேமரா ஓடிக்கொண்டிருக்கிறது.

"அண்ணா, கொஞ்சம் தப்பா ராவுங்க."

ராவினார். இரும்பு ஸ்கேலை மேலே நிறுத்திப் பார்த்தால் துண்டு சமமாக இருந்தது.

"இன்னும் தப்பாங்கண்ணா. புதுசா வர்ற பசங்க எப்படிப் பண்ணுவாங்களோ, அப்படி."

மறுபடி ராவினார். அதுவும் சமம்தான். "வரமாட்டேங்குது பாப்பா" என்று சிரித்துவிட்டார். இந்த இரண்டு டேக்கில் 1 நிமிடம் 10 நொடி போய்விட்டது. எங்களிடம் இருந்ததே மொத்தம் 13 நிமிடம் சொச்சம்.

அந்தக் கணக்கு எங்கிருந்து வந்தது, ஆறு பெண்கள் ஒரு சனிக்கிழமையை ஏன் இரும்புத் தூளில் கழித்தோம் என்பதை எழுதி வைக்கலாம் என்றுதான் இது.

ஆள்களும் தலைப்பும்

நான் சேலத்தில் வீடியோ எடிட்டிங் செய்கிறவள். சோறு போடுவது கல்யாணமும் காதுகுத்தும். நடுநடுவே மில்களுக்கும் பட்டறைகளுக்கும் பயிற்சிப் படம். ஆவணப்படம் எடுக்கும் ஆசையில் என்னிடம் வந்து பேசிக்கொண்டிருந்த ஐந்து பெண்களைச் சேர்த்து, ஏற்காட்டில் ஒரு வீடு பிடித்து இரண்டு நாள் பேசுவது, மூன்றாம் நாள் கீழே இறங்கி எதையாவது எடுப்பது என்று திட்டம். பெயர்கள் வேண்டாம் என்று அவர்களே சொல்லிவிட்டார்கள். அதனால் மூன்று பேரை மட்டும் எங்களுக்குள் கூப்பிட்ட பட்டப்பெயரிலேயே குறிப்பிடுகிறேன். கல்லூரியில் காட்சித் தொடர்பியல் படிக்கும் கட்டுரைக்காரி. வீட்டில் சேகோ (ஜவ்வரிசி) மில் வைத்திருக்கும் ஆத்தூர்க்காரி. ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் முடித்துவிட்டு, ஒரு கம்பெனியும் பட்டறைத் தளத்தில் எடுத்துக்கொள்ளாததால் செல்போன் கடையில் வேலை பார்க்கும் ஃபிட்டர்.

தலைப்பைக் கொண்டுவந்தது கட்டுரைக்காரி. போர்க்காலத்தில் ஆவணப்படம் எடுத்த பெண்களைப் பற்றி அவள் ஒரு கட்டுரை சமர்ப்பிக்க வேண்டியிருந்தது. "போர் வந்துச்சு, ஆம்பளைங்க போனாங்க, பொம்பளைங்களுக்கு வாய்ப்பு கிடைச்சுது. இவ்வளவுதானேக்கா?" என்றாள். எல்லாரும் அப்படித்தான் எழுதுகிறார்கள். அது முழுப் பொய்யில்லை. ஆனால் என்ன வாய்ப்பு, எந்தத் தலைப்பில், எத்தனை நாளைக்கு என்று கேட்டால் கதை வேறு மாதிரி போகிறது.

மலை ஏறும் வழியில்

ஏற்காடு போகிற சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவு இன்னும் நிற்கிறது. உள்ளே ஸ்டுடியோ இல்லை, வளைவு மட்டும். பஸ் அதைத் தாண்டும்போது யாராவது ஒருவர் கையை நீட்டி "ஆயிரம் தலை வாங்கிய..." என்று ஆரம்பிப்பது சேலத்து வழக்கம். நாங்களும் ஆரம்பித்தோம். 1930களின் நடுவில் டி.ஆர். சுந்தரம் தொடங்கிய கம்பெனி. தமிழின் முதல் முழுநீள வண்ணப் படம் 1956ல் இங்கிருந்துதான் போனது. அதையெல்லாம் சேலத்துக்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

அவ்வளவாகப் பேசப்படாத ஒரு படமும் இதே வளைவுக்குள் எடுத்ததுதான். 1945ல் வந்த 'பர்மா ராணி'. ஜப்பான் பிடியில் இருந்த பர்மாவில் நடக்கும் கதை, சுந்தரமே இயக்கியது. போர் முயற்சிக்கு ஆதரவாகப் படம் எடுங்கள் என்று வெள்ளைக்கார அரசு தயாரிப்பாளர்களை நெருக்கிய காலம் அது. நெருக்க அவர்கள் கையில் ஒரு நல்ல பிடி இருந்தது. கச்சா ஃபிலிம் வெளிநாட்டிலிருந்து வர வேண்டும், வருவதைப் பங்கு போடுவது அரசு. படம் 11,000 அடிக்கு மேல் போகக் கூடாது என்று வரம்பு போட்டார்கள். 35 எம்.எம். ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும், ஆக 11,000 அடி என்றால் இரண்டு மணி நேரம். மூன்று மணி நேரத்துக்கு மேல் பாட்டுப் பாடிக்கொண்டிருந்த தமிழ் சினிமா திடீரென்று இளைத்தது இப்படித்தான். அதற்கு மேல், 1943லிருந்து ஒவ்வொரு தியேட்டரும் அரசு ஒப்புதல் கொடுத்த செய்திப்படம், ஆவணப்படத்தைக் கட்டாயம் ஓட்ட வேண்டும், அதற்கு வாடகையும் கட்ட வேண்டும். சேலத்தில் டிக்கெட் வாங்கிப் பாகவதரைப் பார்க்கப் போனவர் முதலில் அதைப் பார்த்துத்தான் ஆக வேண்டும். ஆவணப்படம் என்றாலே நம் ஊரில் ஒரு தலைமுறை எழுந்து வெளியே டீ குடிக்கப் போனதற்கு விதை அங்கே விழுந்தது என்று நான் நினைக்கிறேன்.

இத்தனையிலும் கேமராவுக்குப் பின்னால் பெண் எங்கே? டி.பி. ராஜலக்ஷ்மி 1936லேயே 'மிஸ் கமலா'வை இயக்கிவிட்டார். ஆனால் அது கதைப்படம், போருக்கு முன்னால் வந்தது. இந்தக் கேள்விக்கு விடை தேடி எங்கள் பேச்சு கடல் தாண்டிப் போனது. இருபது கொண்டை ஊசி வளைவும் முடிந்து ஏற்காடு வந்து சேர்ந்தபோது மழை தூறிக்கொண்டிருந்தது, கரண்டும் இல்லை.

மெழுகுவத்தி வெளிச்சத்தில்

முதல் நாள் இரவு அதிக நேரம் பேசியது ரூபி கிரியர்சனைப் பற்றி. பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்கத்தைக் கட்டிய ஜான் கிரியர்சனின் தங்கை. 1935ல் லண்டன் சேரி வீடுகளைப் பற்றிய ஒரு படத்தில் உதவியாளராக வேலை பார்த்தார். அதில் குடியிருப்பவர்களே கேமராவைப் பார்த்து, எலியையும் மூட்டைப்பூச்சியையும் பற்றிச் சொந்த வார்த்தையில் பேசுகிறார்கள். கேமரா உங்களுது, மைக்கும் உங்களுது, இங்கே இருப்பது எப்படி இருக்கிறது என்று அவனுகளுக்குச் சொல்லுங்கள் என்று ரூபி அவர்களிடம் சொன்னதாகப் பதிவு இருக்கிறது. இன்றைக்கு டிவி மைக் நீட்டுகிற ஒவ்வொருவரும் செய்வதுதான். அன்றைக்கு அது யாரும் செய்யாதது.

போர் தொடங்கியதும் வீட்டுப் பெண்களின் உழைப்பைப் பற்றி ஒரு சிறு படம் எடுத்தார். அப்புறம் 1940 செப்டம்பரில், குண்டுவீச்சிலிருந்து காப்பாற்றக் கனடாவுக்கு அனுப்பப்பட்ட குழந்தைகளைப் படமெடுக்க அவர்களோடு கப்பல் ஏறினார். கப்பலின் பெயர் 'சிட்டி ஆஃப் பெனாரஸ்'. நம் காசிதான். மாலுமிகளில் பெரும்பகுதி இந்தியர்கள். செப்டம்பர் 17 இரவு அட்லாண்டிக் நடுவே ஜெர்மன் நீர்மூழ்கி அதைத் தாக்கியது. அரசுத் திட்டத்தில் ஏறிய 90 குழந்தைகளில் 77 பேர் இறந்தார்கள். ரூபியும். இந்திய மாலுமிகள் பலரும்.

கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. ஆத்தூர்க்காரிதான் ஆரம்பித்தாள்: "அந்தப் படம்?" படம் ஏது.

சோவியத் பக்கம் மரியா சுகோவா கேமராவோடு பெலாருஸ் காட்டுக்குள் கொரில்லாப் படையோடு இருந்து 1944ல் கொல்லப்பட்டார். கனடாவில் ஜேன் மார்ஷ், 1942ல் போரில் பெண்களின் பங்கைப் பற்றிப் படம் எடுத்தவர், இரண்டு வருடத்தில் ஆறு படம் முடித்தவர். வேலை பார்த்த ஆவணப்படத் தொடரின் தயாரிப்புப் பொறுப்பைக் கேட்டார். கொடுக்கவில்லை. 1944ல் வெளியேறிவிட்டார். கொடுக்க மறுத்தது யார் தெரியுமா? அப்போது கனடா தேசியத் திரைப்பட வாரியத்தின் தலைவராக இருந்த ஜான் கிரியர்சன். தங்கையை அப்படிப் பறிகொடுத்த அதே மனிதர். இதை எப்படி எடுத்துக்கொள்வது என்று எனக்கு இன்றைக்கும் புரியவில்லை.

கட்டுரைக்காரி எல்லாவற்றையும் செல்போன் டார்ச்சில் குறித்துக்கொண்டே வந்தாள். கே மாண்டரிடம் வந்ததும் பேச்சு நின்றுவிட்டது.

கே மாண்டர் 1915ல் இங்கிலாந்தின் ஹல் நகரில் பிறந்தவர். சினிமாவுக்குள் நுழைந்தது மொழிபெயர்ப்பாளராகவும், கன்டினியுட்டி (ஷாட்டுக்கு ஷாட் விவரம் மாறாமல் குறித்து வைப்பது) பார்ப்பவராகவும். 1940ல் ஷெல் எண்ணெய்க் கம்பெனியின் படப்பிரிவில் உதவியாளராகச் சேர்ந்தார். அடுத்த வருடமே இயக்கக் கொடுத்தார்கள். விமானத் தொழிற்சாலைகளுக்குப் புதிதாக வரும் ஆட்களுக்கு அரம் பிடித்து இரும்பை ராவக் கற்றுக்கொடுக்கும் பயிற்சிப் படம்.

"ஃபைலிங்கா?" என்று ஃபிட்டர் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "ஃபைலிங்கைப் போயா படம் எடுத்தாங்க?"

ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் படித்தவர்களைக் கேட்டால் தெரியும். ஆரம்ப மாதங்கள் முழுக்க அதுதான். ஒரு இரும்புத் துண்டு, ஒரு வைஸ், ஒரு அரம். உள்ளங்கையில் கொப்புளம் வந்து, உடைந்து, காய்த்துப்போகும் வரைக்கும். "எங்க வாத்தியார் மூணு வாரம் சொல்லியும் எனக்கு வரலக்கா. நாலாவது வாரம் தானா வந்துச்சு. அதை எப்படிப் படமா எடுப்பாங்க?"

நல்ல கேள்வி. மூன்றாம் நாள் என்ன எடுப்பது என்பது அங்கேயே முடிவாகிவிட்டது.

இன்னொன்றையும் இங்கே சொல்ல வேண்டும். அதே 1941ல் பிரிட்டனில் பெரிய பேர் வாங்கிய ஆவணப்படம் ஹாரி வாட் இயக்கியது. ஒரு குண்டுவீச்சு விமானம் ஜெர்மனிக்குப் போய்த் திரும்பும் ஒரு இரவு. தியேட்டர் தியேட்டராக ஓடி, அமெரிக்காவில் ஆஸ்கர் கௌரவம் வரை போனது. விமானம் பறப்பதை ஆண் எடுத்தார், விமானப் பாகத்தை ராவக் கற்றுக்கொடுப்பதைப் பெண் எடுத்தார். மார்கரெட் தாம்ஸனுக்குக் கிடைத்தது விவசாயப் பயிற்சிப் படங்கள்: எருக்குவியல் போடுவது, பாலைச் சுத்தமாகக் கறப்பது. பட்ஜ் கூப்பருக்குத் தவறு செய்யும் சிறுவர்கள். ஜில் கிரெய்கிக்கு ஓவியர்கள், அப்புறம் குண்டில் இடிந்த பிளிமத் நகரத்தை எப்படித் திரும்பக் கட்டுவது என்ற பேச்சு. அது மட்டும் கொஞ்சம் பெரிய படம், 1946ல் வந்தது. போர் இவர்களுக்குக் கேமராவைக் கொடுத்தது உண்மை. எந்தப் பக்கம் திருப்பலாம் என்பதையும் சேர்த்தே சொல்லிக் கொடுத்தது.

பட்டறை

விதிகள் நான்கு வைத்துக்கொண்டோம். மொத்தம் 400 அடி ரோல் மூன்று இருப்பதாகப் பாவனை. 1,200 அடி, அதாவது 13 நிமிடம் 20 நொடி. கேமரா என்னவோ மெமரி கார்டு போட்டதுதான். ஸ்டாப்வாட்ச் ஒருத்தி கையில், ஓடிய நொடியெல்லாம் நோட்டில். எடுத்ததைப் போட்டுப் பார்க்கக் கூடாது. படப்பிடிப்பில் ஒலி கிடையாது, பேச்சைப் பின்னால் சேர்க்கலாம். முடிந்த படம் 4 நிமிடம்.

முதல் ரோலைப் பாழாக்கியது நான்தான். வேறு யார் மேலும் பழி போட முடியாது. உள்ளே நுழைந்ததும் ஒரு பையன் கிரைண்டரில் ஏதோ தேய்த்துக்கொண்டிருந்தான். பொறி மத்தாப்பு மாதிரி பறந்தது. ஜன்னல் வெளிச்சம் வேறு. ஒன்றரை நிமிடம் எடுத்துத் தள்ளிவிட்டேன். அப்புறம் அண்ணனின் முகம், சுவரில் மாட்டியிருந்த சாமி படம், வரிசையாக நிற்கும் லேத்துகள். ரோல் முடிந்தது. ஃபிட்டர் பக்கத்தில் வந்து மெதுவாகச் சொன்னாள்: "அக்கா, நல்லாதான் இருக்கும். ஆனா இதுல ராவறது எங்கே இருக்கு?"

இரண்டாவது ரோலை அவளிடம் கொடுத்துவிட்டேன்.

அவள் முதலில் செய்தது ட்ரைபாடைத் தூக்கி அண்ணனின் பின்னால், வலது தோளுக்கு மேலே கொண்டுபோய் வைத்தது. எதிரே நின்று எடுத்தால் அழகாக இருக்கும், ஆனால் கற்றுக்கொள்கிறவனுக்கு இடது வலது மாறிப்போகும். அவன் கண் எங்கே இருக்குமோ அங்கே கேமரா இருக்க வேண்டும். இருபது வருடமாக எடிட் செய்கிற எனக்கு இது தோன்றவில்லை.

ராவுவதில் தப்பு எங்கே வருகிறது என்று தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. அரம் முன்னால் போகும்போதுதான் வெட்டும், திரும்பி வரும்போது அழுத்தக் கூடாது. முன்னால் போகிற அந்த ஒரு வீச்சிலும் அழுத்தம் கை மாறிக்கொண்டே இருக்க வேண்டும். தொடங்கும்போது நுனியைப் பிடித்த இடது கையில் அதிகம், நடுவில் இரண்டிலும் சமம், முடியும்போது பிடியில் இருக்கும் வலது கையில் அதிகம். இது வராதவனுக்கு அரம் ஏற்றப் பலகை மாதிரி ஆடும். துண்டின் இரண்டு ஓரமும் தேய்ந்து நடு உப்பிப்போகும். பார்த்தால் தெரியாது. ஸ்கேலைக் குறுக்கே நிறுத்தி வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் இரண்டு பக்கமும் வெளிச்சம் கசியும்.

சரியானதைக் காட்ட வேண்டுமென்றால் தப்பையும் காட்ட வேண்டும். அதைத்தான் அண்ணனிடம் கேட்டோம், அவருக்கு வரவில்லை. ஃபிட்டர் யோசித்துவிட்டு ஆத்தூர்க்காரியைக் கூப்பிட்டாள். வாழ்க்கையில் அரத்தைத் தொட்டதில்லை அவள். "நீ ராவு. எப்படி வருதோ அப்படி." முதல் டேக்கிலேயே பாடப்புத்தகத் தப்பு. ஸ்கேலை வைத்து ஜன்னலுக்கு நேரே பிடித்தோம், இரண்டு ஓரத்திலும் வெள்ளைக் கீற்று. பின்னணியில் ஒரு வார்த்தை பேச வேண்டியதில்லை. அந்த ஷாட் 9 நொடி.

படத்தை ஒரு முறை வெட்டி ஒட்டி, இடைவேளையில் ஆத்தூர்க்காரிக்கே போட்டுக் காட்டினோம். போட்டுப் பார்க்கக் கூடாது என்ற விதி இங்கே உடைந்தது, ஒப்புக்கொள்கிறேன். பார்த்துவிட்டு மறுபடி ராவினாள். நிற்கும் விதம் சரியாகிவிட்டது, இடது கால் முன்னால் வந்தது, திரும்பும்போது அழுத்தவில்லை. ஆனால் நடு உப்பல் அப்படியே இருந்தது. அழுத்தம் கை மாறுவதைப் படம் அவளுக்குச் சொல்லவில்லை. கண்ணுக்குத் தெரியாததை எப்படிக் காட்டுவது? மிச்சம் இருந்தது 2 நிமிடம்.

எல்லாரும் ஆளுக்கொன்று சொன்னார்கள். அம்புக்குறி போடலாம் என்றாள் கட்டுரைக்காரி. ஃபிட்டர் எதுவும் சொல்லாமல் அண்ணனின் இடது கைக்குப் பக்கத்தில் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் கேமராவை அவர் கட்டைவிரலுக்குக் கிட்டே கொண்டுபோனாள். நகம் திரை முழுக்க. அரம் கிளம்பும்போது நகம் வெளுத்தது. முன்னால் போகப் போக ரத்தம் திரும்பி ஏறிச் சிவந்தது. திரும்பி வந்து மறுபடி கிளம்பும்போது வெளுத்தது. வெள்ளை, சிவப்பு, வெள்ளை, சிவப்பு. 22 நொடி.

"இத்தனை வருசத்துல நான் பார்த்ததே இல்லையே பாப்பா" என்று அண்ணன் தன் விரலைத் தூக்கிப் பார்த்துக்கொண்டார்.

கே மாண்டரும் இப்படித்தான் செய்தார் என்று நான் சொல்ல வரவில்லை. தீயணைப்பு, இடிபாடுகளுக்குள் சுரங்கம் தோண்டி ஆட்களை மீட்பது என்று அடுத்தடுத்து அவர் இயக்கிய பயிற்சிப் படங்களையெல்லாம் சிறு வேலை என்று தள்ளிவிட முடியாது என்பதுதான் அந்தப் பட்டறையில் எனக்கு உறைத்தது. பார்க்கிறவன் எழுந்து போய் அந்த வேலையைச் சரியாகச் செய்தால்தான் படம் வெற்றி. இடிபாட்டுக்குள் தப்பாகத் தோண்டினால் ஆள் சாவான். கைதட்டலை வைத்து ஏமாற்ற முடியாத வகை இது.

அந்த வேலையில் பழகிய கண்தான் 1943ல் ஸ்காட்லாந்து மலைப் பகுதியின் அரசு மருத்துவச் சேவையைப் பற்றிய படத்துக்கும், 1945 தேர்தலை ஒட்டித் தொழிற்கட்சிக்கு ஆதரவாக எடுத்த வீட்டு வசதிப் படத்துக்கும் போனது. பின்னதில் பெண்கள் தங்கள் அடுப்படியில் நின்று, எந்த மூலையில் என்ன கஷ்டம் என்று தாங்களே பேசுகிறார்கள். ரூபி கிரியர்சன் விட்ட இடம்.

போர் முடிந்த பிறகு

ஆத்தூர்க்காரி ஏற்காட்டிலேயே ஒன்று கேட்டிருந்தாள், நான் பதில் சொல்லாமல் விட்டது. அவள் குடும்பம் மூன்று தலைமுறையாகக் குச்சிக்கிழங்கு அரைக்கிறது. சேலத்தில் சேகோ தொழிலே அந்தப் போரால் வந்ததுதான். மலேயா, ஜாவாப் பக்கமிருந்து ஜவ்வரிசி வருவது நின்றுபோக, 1943 வாக்கில் இங்கே மரவள்ளியிலிருந்து எடுத்துப் பார்த்தார்கள், பிடித்துக்கொண்டது. "போர் நின்னதும் எங்க தொழில் நிக்கலையே. அவங்க தொழில் மட்டும் ஏங்க்கா நின்னுச்சு?"

மூன்றாம் நாள் சாயங்காலம் டீக்கடையில் இதற்குத் திரும்பி வந்தோம். வெளிநாட்டுச் சரக்கு மறுபடி வரத் தொடங்கியபோது சேகோக்காரர்கள் ஒன்றாகப் போய் அரசிடம் முறையிட்டார்கள். பின்னாளில், 1981ல், விற்பனைக்கென்று கூட்டுறவுச் சங்கமும் வைத்துக்கொண்டார்கள். மில் அவர்களுடையது, கிழங்கு பக்கத்து ஊருடையது. படம் எடுத்த பெண்களுக்கு அப்படி எதுவும் சொந்தமில்லை. பணம் கொடுத்தது அரசின் தகவல் அமைச்சகம், அல்லது எண்ணெய்க் கம்பெனி. போர் முடிந்ததும் அமைச்சகத்துக்குப் பாதிப் படங்கள் தேவைப்படவில்லை. கே மாண்டர் கணவரோடு சேர்ந்து ஒரு சிறு கம்பெனி நடத்தினார். பிரெஞ்சு கற்றுக்கொடுக்கும் ஒரு படத்துக்குப் பிரிட்டிஷ் திரைப்பட அகாடமி விருதும் வாங்கினார். கதைப்படம் இயக்கலாம் என்று ஈலிங் ஸ்டுடியோவின் மைக்கேல் பால்கனிடம் போனபோது, படக்குழு ஆண்களைப் பெண் ஒருத்தி கட்டி மேய்க்க முடியாது என்று பதில் வந்தது. போர்க்காலத்தில் தீயணைப்புப் படையையே நிற்க வைத்துப் படம் எடுத்தவரிடம்.

1957ல் ஒரே ஒரு சிறுவர் படம் இயக்கக் கிடைத்தது. மற்றபடி தொடங்கிய இடத்துக்கே திரும்பிப் போனார்: கன்டினியுட்டி. போன ஷாட்டில் கதாநாயகன் எந்தக் கையில் டம்ளர் வைத்திருந்தான், சிகரெட் எவ்வளவு எரிந்திருந்தது, பொத்தான் போட்டிருந்ததா என்று நோட்டில் எழுதும் வேலை. 1963ல் வந்த இரண்டாவது ஜேம்ஸ் பாண்ட் படத்தில் அந்த நோட்டு அவருடையது.

எனக்கு இந்த இடம் மட்டும் ஏன் இவ்வளவு உறுத்துகிறது என்று கட்டுரைக்காரி கேட்டாள். சொன்னேன். 2020 ஊரடங்கில் ஒரு நூற்பாலைக்குப் பயிற்சிப் படம் அவசரமாக வேண்டியிருந்தது. சென்னைக் குழுவால் இ-பாஸ் வாங்கி வர முடியவில்லை. உள்ளூரில் நான் இருந்தேன், மூன்று படம் இயக்கிக் கொடுத்தேன். இன்றைக்கும் அதைத்தான் ஓட்டுகிறார்கள் என்று கேள்வி. இரண்டு வருடம் கழித்து அடுத்த வேலை வந்தபோது சென்னைக் குழுவே வந்தது. என்னையும் கூப்பிட்டார்கள், எந்த ஷாட் எந்தக் கார்டில் இருக்கிறது என்று எழுதி வைக்க. போனேன். காசு தேவைப்பட்டது.

"அதுவும் வேலைதானேக்கா" என்றாள் ஆத்தூர்க்காரி. கே மாண்டர் 98 வயது வரைக்கும், 2013 வரைக்கும் இருந்தார், பாண்ட் படத்தில் வேலை பார்த்தார், அவருக்காக நாம் ஏன் ஒப்பாரி வைக்க வேண்டும் என்பது அவள் கட்சி. அதிலும் நியாயம் இருக்கிறது. பாவப்பட்ட பெண் என்று எழுதினால் அவருக்கே பிடிக்காது.

ஃபிட்டருக்கு வேறு ஒரு கட்சி. "பொம்பளை கேமராவைப் பிடிச்சா நல்ல படம்தான் வரும்னு மட்டும் கட்டுரையில எழுதிடாதே" என்றாள். 1939 செப்டம்பரில் லெனி ரீஃபென்ஸ்டால் தன் படக்குழுவோடு போலந்தில் இருந்தார். கொன்ஸ்கியே ஊரில் ஜெர்மன் படைகள் யூதர்களைச் சுட்டுக் கொன்றபோது அங்கேதான் இருந்தார். அதிர்ந்துபோய்க் கிளம்பிவிட்டார், ஆனால் அடுத்த மாதமே வார்சாவில் ஹிட்லரின் வெற்றி அணிவகுப்பைப் படமெடுத்தார். பிரிட்டிஷ் பெண்கள் படமெடுத்த பணமும் பெரும்பாலும் பிரசாரம் பார்த்த அந்தத் தகவல் அமைச்சகத்திலிருந்து வந்ததுதான். மருத்துவமும் வீடும் கேட்டுப் படமெடுத்த அதே ஆண்டுகளில், அதே அரசின் கீழ் 1943ல் வங்காளம் பட்டினியில் செத்தது. சேலத்துத் தியேட்டரில் கட்டாயமாக ஓடிய படச்சுருளில் வங்காளத்தின் முறையீட்டுக்கு இடமிருக்கவில்லை. லண்டனில் 'கேமரா உங்களுது' என்று சொல்ல ஒரு ரூபி இருந்தார், இங்கே வந்த கேமரா அவர்களுடையது. அந்தச் செய்திப்படப் பிரிவை 1946ல் மூடியபோது இங்கே யாரும் கண்ணீர் விட்டதாகத் தெரியவில்லை.

"அப்ப ஈழம்?" என்று யாரோ கேட்டார்கள். தமிழில் போரும் பெண்ணும் கேமராவும் என்றால் பேச்சு அங்கே போகாமல் இருக்காது. லீனா மணிமேகலை 2013ல் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் குடும்பங்களை எடுத்த படம் போர் முடிந்த பிறகு வந்தது. அதைப் பற்றி இன்னொரு ஏற்காடு பயணம் போட வேண்டும் என்று சொல்லி டீக்குக் காசு கொடுத்தோம்.

பிறகு

நான்கு நிமிடப் படத்தை அண்ணனுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். ஒரு மாதம் கழித்துப் போன் செய்தார். புதிதாக இரண்டு பையன்கள் சேர்ந்திருக்கிறார்களாம், அரத்தைக் கையில் கொடுப்பதற்கு முன்னால் இதைத்தான் போட்டுக் காட்டுகிறாராம். நகம் வெளுக்கும் இடம் வந்ததும் பையன்கள் தங்கள் விரலைப் பார்த்துக்கொள்கிறார்களாம்.

"யார் எடுத்தாங்கன்னு கேக்கறானுங்கம்மா. படத்துல ஒரு பேரும் இல்லையே."

உண்மைதான். ஆறு பேரும் நொடிக் கணக்குப் பார்த்ததில் பெயர் போட இடம் ஒதுக்கவில்லை. பெயர்கள் வேண்டாம் என்று சொன்னவர்களிடம் திரும்பக் கேட்டேன், இந்தப் படத்துக்கு மட்டும் போடலாம் என்றார்கள். நான்கு நிமிடத்துக்கு மேல் போகக் கூடாது என்பது விதி. தொடக்கத்தில் ஆசைப்பட்டு வைத்திருந்த கிரைண்டர் பொறி 7 நொடி இருந்தது. அதை எடுத்துவிட்டு அங்கே ஃபிட்டரின் பெயரை முதலில் போட்டேன்.